பூஜ்ஜிய வருஷம்

எப்பிராயீம் தன் கணக்கை எழுதுவது
நூல் வந்த அட்டைப்பெட்டியைக் கிழித்து, அதன் உட்புறத்தில்.
வெளிப்புறம் என்னுடையது:
எந்தத் தறியில் எத்தனை மீட்டர்,
சைசிங் மில்லுக்கு எவ்வளவு பாக்கி,
நாடாவை உடைத்தது யார்.
அவர் பென்சிலை அழுத்திப் போட்டால்
மிருகத்தின் இலக்கம்
என் வட்டிக் கணக்கில் வந்து புடைக்கும்.

தறி ஓடுகையில் சோமனூரில் பேச முடியாது.
கரண்ட் போனால்தான் சொல்லுவார்.

பிரிகியா என்றொரு நாடாம்.
ஒருவனும் இரண்டு பெண்களும்
பரலோக நகரம் இந்த வயல்மேல்தான் இறங்குமென்று
காட்டிக் கொடுத்தார்களாம்.
"எறங்குச்சுங்களா?"
"அந்த ஊரே எங்கிருந்துச்சுன்னு
இன்னுந் தேடிட்டிருக்கறாங்க."

அமெரிக்காவில் ஒரு குடியானவர்
இரண்டாயிரத்து முந்நூறு நாளை வருஷமாக்கிக் கூட்டி
ஆயிரத்து எண்ணூற்று நாற்பத்து நாலென்றார்.
எதற்கு இனி என்று
உருளைக்கிழங்கைத் தோண்டாமல் விட்டார்கள் சிலர்.
அந்த அக்டோபரும் விடிந்தது.
மற்றவர்கள் கிழங்கெல்லாம் அழுகிப்போக
மண்ணில் கிடந்தது நல்ல விலைக்குப் போனதாம்.
அவர் சொன்னதிலேயே
எனக்குப் பிடித்த வேத விளக்கம் இதுதான்.

பாலக்காட்டுக் கணவாய்க்கு அந்தப் பக்கம்
ஆயிரத்து எண்ணூற்று எண்பத்தொன்றில்
தேதி குறித்துக் காத்திருந்தார்கள்.
கணவாய் வழியாகக் காற்று வந்தது.

"இத்தனை பேரு தப்பாச் சொல்லியிருக்கறாங்களேங்க?"
"அதனாலதான் புள்ளெ,
மிச்சமிருக்கற நாள் கொறஞ்சுட்டே வருது."

தொண்ணூற்றொன்பது ஐப்பசியில்
எட்டுத் தறியில் நாலை எடைக்குப் போட்டார்.
ஆயிர வருஷ அரசாட்சியில் யாருக்குக் காடாத் துணி?
மீதி நாலும் என் பேரில் வாங்கிய கடன்.
அதைக் கேட்கவில்லை.
கேட்டிருந்தால் கொடுத்திருப்பேனோ என்னவோ.

நாள் குறிக்காதே என்று போதகர் அதட்டியதில்
கண்விழிப்பு ஆராதனைக்கும் போகவில்லை.
தறிக்கூடத்தில், விற்ற தறிகள் இருந்த வெறுந்தரையில்
முழங்கால் போட்டார்.
எண்ணெய்க் கறைமேல் பாய் விரித்து நானும்.
பன்னிரண்டடிக்க ஏதோ கொஞ்சம் இருக்கையில்
நின்றது.

எங்கள் நாலு தறி மட்டுமில்லை.
ராக்கியண்ணன் கூடம், கிழக்கே செட்டியார் கூடம்,
கருமத்தம்பட்டி வரைக்கும்
ஒரே வெட்டில்.
இங்கே பிறந்தவளை
சத்தம் எழுப்பாது.
அது நிற்பதுதான் எழுப்பும்.
எக்காளம் என்று அவர் சொன்னது இதைத்தானோ?

இருட்டில் துழாவினேன்.
பாய். பாபின் கட்டை. வெறுந்தரை.
வேட்டி மட்டும் கிடக்குமென்று நினைத்தேன்.
சத்தியமாய் நினைத்தேன்.
அப்போது ஒரு கை
என் தலையைத் தேடிக்கொண்டு வந்து
காதில் இடித்தது.

"நீயும் போகலயா?"
"நீங்களும் இருக்கறீங்களா?"

அந்தக் குரலில் இருந்தது ஏமாற்றமா, நிம்மதியா,
எந்த அட்டையிலும் எனக்குக் கூட்டத் தெரியவில்லை.
கையை மட்டும் எடுக்கவில்லை அவர்,
கரண்ட் வந்து
பக்கத்துக் கூடம் முதலில் தட்டத் தொடங்கும்வரை.

விடிந்தால் சனிக்கிழமை, சம்பள நாள்.
நாலு மணிக்கே தறிக்கு எண்ணெய் விட்டார்.
டீ குடிக்கையில் தலை நிமிராமல் சொன்னார்:
"வருஷக் கணக்குல பூஜ்ஜியமே இல்ல புள்ளெ.
ஒண்ணுலிருந்து எண்ணோணும்.
ரெண்டாயிரம் முடியறதுக்கு இன்னொரு வருஷமிருக்குது."
"அப்பன்னா அஞ்சாந்தேதி தவணை கட்டோணுமுங்க."
"கட்டோணும்" என்றார்.

அடுத்த டிசம்பர் முப்பத்தொன்று.
அதே வெறுந்தரை, அதே பாய்.
பன்னிரண்டு நெருங்கியது.
கரண்ட் போகவில்லை.
ஊர் முழுக்க ஓடிக்கொண்டே இருந்தது.

நானே எழுந்துபோய்
எங்கள் கூடத்து மெயினை இறக்கினேன்.
திரும்பி வந்து இருட்டில் உட்கார்ந்தேன்.
இந்த முறை
என் கையை நீட்டாமல்.